பகல் ஒரு மணிப் பரிவு

மென்பொருள் ஒன்றை மேம்படுத்த நான்கு பேர் போதும். மேம்படுத்திவிட்டோம் என்று ஊருக்குச் சொல்ல நூற்று நாற்பது பேர் வேண்டும். அந்த நூற்று நாற்பது பேரும் ஒரு கட்டடத்தின் மூன்றாவது மாடியில், எண் ஒட்டிய மேசைகளில், காலை ஒன்பதரையிலிருந்து மாலை ஆறு வரை உட்கார்ந்திருந்தார்கள். அந்த இடத்துக்கு மறுசொல்லாக்கப் பிரிவு என்று பெயர்.

அங்கே யாரும் எதையும் புதிதாக எழுதுவதில்லை. எழுத அனுமதியும் கிடையாது. செல்பேசியில் செய்தி அனுப்பும் மென்பொருள் ஒன்றின் ஒன்பதாம் பதிப்பைப் புகழ்ந்து யாரோ எப்போதோ எழுதிய பதினோரு வாக்கியங்கள் இருந்தன. அதற்கு ‘மூலம்’ என்று பெயர். கண்ணாடிச் சட்டத்தில் போட்டுக் கூட்ட அறையில் மாட்டியிருந்தார்கள். திங்கட்கிழமை காலையில் இயக்குநர் அதை வாசிக்க, எல்லோரும் எழுந்து நின்று கேட்கவேண்டும். ஒரே விளம்பரம் ஆயிரம் இணையப் பக்கங்களில் வந்தால் தேடுபொறி அதை ஒதுக்கிவிடுமாம். ஆகவே அந்தப் பதினோரு வாக்கியங்களையும் அதே பொருள் தரும் வேறு சொற்களில் ஆளாளுக்கு மாற்றி எழுதவேண்டும். பார்க்கிறவருக்கு ஆயிரம் பேர் தனித்தனியாக மகிழ்ந்துபோய் எழுதியதுபோல் தெரியவேண்டும். அவ்வளவுதான் வேலை.

எழுதியதைச் சோதிக்க ஓர் இயந்திரம் இருந்தது. அதை எல்லோரும் சல்லடை என்பார்கள். நீங்கள் எழுதியது இதுவரை வெளிவந்தவற்றோடு எத்தனை விழுக்காடு ஒத்துப்போகிறது என்று அது சொல்லும். பன்னிரண்டுக்குக் கீழே இருந்தால் பச்சை விளக்கு. மேலே போனால் சிவப்பு. பொருள் சரியாக இருக்கிறதா என்று அது பார்க்காது. அதைப் பார்ப்பதற்கென்று ஒரு பதவி இருந்தது, ஆனால் அந்த நாற்காலி ஆறு வருடமாகக் காலி.

பதினேழாம் மேசைக்காரர் அங்கே ஒன்பது வருடமாக இருக்கிறார். ஐம்பத்து நான்கு வயது. மனைவி இறந்து மூன்று வருடம் ஆகிறது. ஒரே மகன் வேறு ஊரில் வேலையில் இருக்கிறான். இவர் ஒருவருக்காகச் சமைத்து, ஒரு தட்டைக் கழுவி, ஒரு சாவியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு வேலைக்கு வருகிறவர்.

ஒரே பத்தியை ஒன்பது வருடம் மாற்றினால் என்ன ஆகும் என்று கேட்காதீர்கள், சொல்கிறேன். ‘இலவச மேம்பாடு’ என்று தொடங்கியது ‘விலையில்லாத உயர்வு’ ஆயிற்று. விலையில்லாதது சிவப்பு காட்டத் தொடங்கியதும் ‘மதிப்பில்லாத உயர்வு’ ஆயிற்று. ‘பிழைகள் நீக்கப்பட்டுள்ளன’ என்பது முதலில் ‘தவறுகள் களையப்பட்டுள்ளன’ என்றும், பிறகு ‘குற்றங்கள் மன்னிக்கப்பட்டுள்ளன’ என்றும் போய், கடைசியில் ‘தங்கள் பாவங்கள் தீர்க்கப்பட்டன’ என்று நான்கு விழுக்காட்டோடு பச்சையில் நின்றது. அதைப் படித்துவிட்டு ஒரு பெரியவர் செல்பேசியோடு கீழ்த்தள வரவேற்பறைக்கு வந்துவிட்டார். தன் அண்ணனுக்குச் செய்த ஒரு துரோகத்தையும் இதில் தீர்க்க முடியுமா என்று கேட்டார். வரவேற்பறைப் பெண் அவருக்கு வரிசை எண் கொடுத்து உட்காரச் சொன்னாள். அவர் மாலைவரை உட்கார்ந்திருந்துவிட்டு, மனசு கொஞ்சம் லேசானதாகச் சொல்லிப் போனாராம்.

இன்னொரு நாள், தேநீர் போடும் அறையில் தீப்பிடித்தது. பாதுகாப்பு அலுவலர் உடனே எல்லோருடைய திரைக்கும் எச்சரிக்கை அனுப்பினார். பிரிவுக்குள் வந்தாலும் வெளியே போனாலும் எதுவும் சல்லடை வழியாகத்தான் போகும். போன வருடமும் இதே வாசகம் வந்திருந்ததால் சிவப்பு விழுந்தது. அவர் பொறுமையாக உட்கார்ந்து மாற்றி எழுதினார். ‘பிரகாசமும் கதகதப்பும் மிகுந்த ஒரு நிகழ்வை முன்னிட்டு அனைவரும் கீழ்த்தளத்துக்கு வருகை தரவும்’ என்று வந்தது. ஏதோ பாராட்டு விழா என்று நினைத்துப் பாதிப்பேர் தலைவாரிக்கொண்டு இறங்கினார்கள். மீதிப்பேர் வேலை இருக்கிறது என்று உட்கார்ந்திருந்தார்கள். நல்லவேளை, தீ தானாகவே அணைந்தது.

இதையெல்லாம் பதினேழாம் மேசைக்காரர் சிரிக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குச் சிரிப்பு வராமல் போனதற்கு ஒரு காரணம் உண்டு. மனைவி இறந்த நான்காம் நாள் அலுவலகத்திலிருந்து இரங்கல் கடிதம் வந்தது. ‘தங்கள் இல்லத்தரசி காலாவதியானது குறித்து நிர்வாகம் துயருறுகிறது’ என்று அதில் இருந்தது. கீழே சிறிய எழுத்தில் ‘ஒப்புமை ஏழு விழுக்காடு’ என்றும் போட்டிருந்தார்கள். அதை எழுதியது பதினெட்டாம் மேசைக்காரி. இவர் வேலைக்குத் திரும்பிய அன்று அவள் நாற்காலியை இவர் பக்கம் நகர்த்திக்கொண்டு வந்தாள்.

“மன்னிச்சுக்கங்க அண்ணா. ‘மறைவு’ன்னு போட்டேன், ‘இறப்பு’ன்னு போட்டேன், எல்லாத்தையும் திருப்பி அனுப்பிடுச்சு. நிறையப் பேரு செத்துட்டாங்க போல.”

“பரவாயில்லம்மா. உன் மேல என்ன தப்பு.”

அவர் அந்தக் கடிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். வீட்டில் வேறு யாரும் எழுதிய இரங்கல் கடிதம் இல்லை.

மனைவி இருந்தவரை தினமும் பகல் ஒரு மணிக்குப் போன் வரும். இவர் எடுத்ததும் ‘சாப்பிட்டாச்சா?’ என்பாள். பதில் வந்ததும் வைத்துவிடுவாள். இருபத்தாறு வருடத்தில் அந்த அழைப்பு முப்பது வினாடியைத் தாண்டியதில்லை. கூட்டத்தில் இருக்கும்போது வந்தால் இவருக்கு எரிச்சலாகக்கூட இருக்கும். இப்போது ஒரு மணியானால் கை தானாகச் செல்பேசியைத் திருப்பிப் பார்க்கிறது. மூன்று வருடமாக இந்த உலகத்தில் ஒருவர்கூட அவரிடம் அதைக் கேட்கவில்லை.

மகன் இருக்கிறானே என்பீர்கள். இருக்கிறான். இவர் வாரத்துக்கு இரண்டு தடவை நீளமாகச் செய்தி அனுப்புவார். குழாய் ஒழுகியது, ஆள் வந்து பார்த்தான், அம்மாவின் கண்ணாடியை மேசை இழுப்பறையிலேயே வைத்திருக்கிறேன் என்றெல்லாம் எழுதுவார். அனுப்பிய மறுவினாடி பதில் வரும். ‘நன்று’ என்று வரும், இல்லாவிட்டால் ‘மகிழ்ச்சி’ என்று வரும். மகன் எவ்வளவு வேலையிலும் உடனே பதில் போடுகிறானே என்று ஒரு வருடம் பெருமைப்பட்டுக்கொண்டிருந்தார். ஒருநாள், ‘காய்ச்சல், இரண்டு நாளாக எழுந்திருக்க முடியவில்லை’ என்று அனுப்பினார். ‘மகிழ்ச்சி’ என்று வந்தது. அப்போதுதான் அவருக்கு மூலத்தின் ஆறாவது வாக்கியம் ஞாபகம் வந்தது. ‘உங்கள் அன்புக்குரியவர்களுக்கு உங்கள் சார்பில் தானே பதிலளிக்கும், ஒரு வினாடிகூட ஆகாது.’ அந்த வசதியை அவர் முந்நூற்றுப் பதினோரு விதமாகப் புகழ்ந்து எழுதியிருக்கிறார். மகனைக் குறைசொல்ல அவருக்கு வாய் வரவில்லை.

முந்நூற்றுப் பன்னிரண்டாவதை எழுதிக்கொண்டிருந்த அன்றுதான் அது நடந்தது. எவ்வளவு புரட்டியும் பதின்மூன்றிலேயே சிவப்பு நின்றது. எங்கும் வராத ஒரு வாக்கியம் நடுவே விழுந்தால் இறங்கிவிடும். மணி பார்த்தார். ஒன்று. விரல் தானாக அடித்தது: ‘சாப்பிட்டாச்சா?’ பதினொன்று. பச்சை. ஆக, ‘தங்கள் பாவங்கள் தீர்க்கப்பட்டன’ என்பதற்கும் ‘இன்றே தரையிறக்குங்கள்’ என்பதற்கும் நடுவில் அவர் மனைவியின் கேள்வி உட்கார்ந்துகொண்டு உலகத்துக்குப் போயிற்று. யாரும் கவனிக்கப்போவதில்லை என்று அவருக்குத் தெரியும். இருந்தாலும் அன்று சாப்பாடு கொஞ்சம் ருசியாக இருந்தது.

பதினைந்தாம் நாள் இயக்குநர் கூப்பிட்டனுப்பினார். எந்தப் பேச்சையும் ‘அதாவது’ என்றே தொடங்குவதால் அவருக்கு அதாவது சார் என்றே பெயர். பக்கத்தில் சல்லடைக்குப் பொறுப்பான ஒப்புமை அலுவலர் அம்மாள் சிவப்புப் பேனாவோடு உட்கார்ந்திருந்தார். வேலை போயிற்று என்று நினைத்தபடிதான் இவர் உள்ளே போனார்.

“அதாவது, நம்ம பக்கத்துக்கு வர்ற ஒருத்தர் சராசரியா ரெண்டு வினாடி நிப்பாரு. அதுல ஒரு வினாடி மூடுற பட்டன் எங்கன்னு தேடுறது. உங்க பக்கத்துல மட்டும் நாப்பத்தொரு வினாடி நின்னிருக்காங்க. சில பேரு பதில் வேற எழுதியிருக்காங்க. ‘இன்னும் இல்லீங்க’ன்னு ஒருத்தர். ‘நீங்க யாரு, ஏன் கேக்கறீங்க, ஆனா கேட்டதுக்கு நன்றி’ன்னு ஒரு அம்மா. என்ன பண்ணீங்க?”

“ஒண்ணும் பண்ணலைங்க. அது என் மனைவி கேக்கிறது. கை தவறி வந்துடுச்சு.”

“அவங்ககிட்ட அனுமதி வாங்கினீங்களா?”

“அவங்க இறந்துட்டாங்க சார்.”

“அப்ப உரிமை இப்ப யார்கிட்ட இருக்கு?” என்றார் ஒப்புமை அலுவலர்.

இவர் பதில் சொல்வதற்குள் ஒரு படிவத்தை நீட்டினார்கள். சொற்றொடரின் முந்தைய உரிமையாளர், அவரோடு உறவு, சொற்றொடர் பயன்பாட்டில் இருந்த காலம், பயன்படுத்தப்பட்ட நேரம், அதனால் விளைந்த பலன். இவர் ஒவ்வொன்றாக நிரப்பினார். பலன் என்ற இடத்தில் வெகுநேரம் பேனாவை வைத்துக்கொண்டிருந்துவிட்டு ‘நான் சாப்பிட்டேன்’ என்று எழுதினார்.

அடுத்த திங்கட்கிழமை மூலத்தை வாசித்து முடித்ததும் அதாவது சார் உட்காரவில்லை.

“அதாவது, மனுஷங்க மனுஷங்களைத் தேடி ஏங்குறாங்கன்னு நம்ம எண்ணிக்கை காட்டுது. இது ரொம்ப பெரிய சந்தை. அந்த ஏக்கத்தை, மனுஷங்க யாருக்கும் தொந்தரவு இல்லாம, நாம தீர்த்து வைக்கப்போறோம். பத்தாம் பதிப்புல ‘பகல் ஒரு மணிப் பரிவு’ன்னு ஒரு வசதி வருது. சரியா ஒரு மணிக்கு உங்க போனே உங்க சொந்தக்காரங்களை விசாரிக்கும். அவங்க போனே பதில் சொல்லிடும். ரெண்டு பக்கமும் யாரும் வேலையை நிறுத்தவேண்டியதில்ல. பாசத்துக்காக ஒரு நாளைக்கு வீணாகிற நேரத்தை மிச்சம் பண்ணித் தர்றோம்.”

எல்லோரும் கைதட்டினார்கள். நூற்று நாற்பதில் நூறு பேராவது தனியாகச் சாப்பிடுகிறவர்கள். அவர்கள்தான் பலமாகத் தட்டினார்கள்.

தினம் ஒரே கேள்வியை அனுப்பினால் சல்லடை விடாது. ஆகவே ‘சாப்பிட்டாச்சா’ என்பதற்கு இருநூற்றுப் பன்னிரண்டு மாற்றுச் சொற்றொடர்கள் தேவை என்று முடிவாயிற்று. கேள்வியை ஒப்படைத்தவர் என்ற மரியாதையில் அந்த வேலை பதினேழாம் மேசைக்கே வந்தது. அவர் ஒன்பது வருடத்தில் முதல்முறையாக ஒரு விண்ணப்பம் செய்தார். பட்டியலின் முதல் வரியாக ‘சாப்பிட்டாச்சா?’ என்பதை அப்படியே எழுதிக்கொண்டு ஒப்புமை அலுவலரிடம் போனார்.

“இது ஒண்ணு மட்டும் இருக்கட்டும் மேடம். மத்தது எல்லாத்தையும் மாத்தித் தர்றேன்.”

அம்மாள் சல்லடையில் போட்டுப் பார்த்தார். “நூறு விழுக்காடு. உங்க பக்கத்துலயே வெளிவந்துடுச்சே. அதுவும் போதாதுன்னு ஒவ்வொரு வீட்டுலயும் இதைத்தான் கேக்கறாங்க. இதைப் போய் நம்ம நிறுவனத்தோடதுன்னு எப்படிச் சொல்றது?”

“வருஷத்துக்கு ஒரு நாளாவது வரட்டுமே.”

“உங்க வருத்தம் புரியுது. நான் மனுஷிதானே? ஆனா விதின்னு ஒண்ணு இருக்கு இல்ல.” அவர் சிவப்புப் பேனாவால் முதல் வரியைக் குறுக்கே அடித்து, ஓரத்தில் ‘தடை’ என்று எழுதி, முத்திரையும் வைத்தார்.

பதினேழாம் மேசைக்காரர் உண்டீர்களா என்று தொடங்கினார். புசித்தீர்களா, பசியாறினீர்களா, அன்னம் இறங்கியதா, இரைப்பை நிரம்பியதா, மதிய உட்கொள்ளல் நிறைவுற்றதா, தீனி முடிந்ததா என்று போயிற்று. மனைவி எப்படிக் கேட்பாள் என்பது அதுவரை அவர் காதில் அப்படியே இருந்தது. கடைசி எழுத்தைக் கொஞ்சம் இழுப்பாள். நூறு சொற்றொடர்கள் தாண்டியதும் அந்தக் குரலை நினைத்துப் பார்த்தால் பட்டியல்தான் வந்தது. இருநூறில் அவள் தன்னிடம் என்னதான் கேட்பாள் என்பதையே ஒரு கணம் நின்று யோசிக்கவேண்டியிருந்தது. அன்று வீட்டுக்குப் போய், விளக்கைக்கூடப் போடாமல், அவள் செத்த அன்று அழாத அழுகையை அழுதார். இருந்த ஒன்றையும் தானே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டோம் என்று இருந்தது.

பத்தாம் பதிப்பை ஊழியர்களும் அவர்கள் குடும்பத்தாரும்தான் முதலில் போட்டுக்கொள்ளவேண்டும் என்று உத்தரவு. முதல் நாள் ஒரு மணிக்கு மூன்றாவது மாடியில் நூற்று நாற்பது செல்பேசிகளும் சேர்ந்து கூவின. பதினெட்டாம் மேசைக்காரி தன்னுடையதை எடுத்துப் பார்த்துவிட்டு இவரிடம் காட்டினாள்.

“அண்ணா, என் மாமியார்கிட்டேருந்து. ‘தீனி முடிந்ததா’ன்னு கேட்டிருக்காங்க. கல்யாணமாகி பதினோரு வருஷத்துல அவங்க என்கிட்ட இவ்வளவு அன்பா பேசினதே இல்ல.”

இவருடைய செல்பேசி மகனுக்கு ‘மைந்தா, புசித்தனையா?’ என்று அனுப்பியது. மகனுடைய செல்பேசி ‘நன்று’ என்றது. மகனுடையது இவருக்கு ‘தந்தையே, இரைப்பை நிரம்பியதா?’ என்று அனுப்பியது. இவருடையது ‘மகிழ்ச்சி’ என்றது. இவர் சாப்பாட்டு டப்பாவைத் திறந்து வைத்துக்கொண்டு அவை இரண்டும் பேசி முடிக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தார். தினமும் இப்படி நடந்தது. இரண்டு செல்பேசிகளும் ஒன்றையொன்று குறைவில்லாமல் கவனித்துக்கொண்டன. இவர் மாத்திரம் இடையில் ஒருமுறை மயங்கி விழுந்து, குளுகோஸ் ஏற்றிக்கொண்டு வந்தார். அந்த விஷயம் இரண்டு செல்பேசிகளுக்கும் தெரியாது.

இருபத்து மூன்றாம் நாள் வழக்கம்போல் ஒரு மணிக்கு இவருடைய செல்பேசி, ‘மைந்தா, தீவனம் உட்கொண்டனையா?’ என்று அனுப்பியது. ‘நன்று’ என்று வந்தது. மகனுடையதும் கேட்டது, இவருடையதும் சொன்னது. எல்லாம் முடிந்தது. டப்பாவை மூடப்போகும்போது மறுபடி ஓர் ஒலி கேட்டது. மணி ஒன்று பதினேழு. மகனிடமிருந்து.

‘சாப்பிட்டாச்சா?’

முதலில் அவருக்குப் பயமாக இருந்தது. பிறகு, ஒன்பது வருடம் அங்கே குப்பை கொட்டியவர் என்பதால், பட்டியலை எடுத்தார். ஆட்காட்டி விரலை வைத்து இருநூற்றுப் பன்னிரண்டையும் வரிவரியாகப் பார்த்தார். இல்லை. சிவப்பால் அடித்த முதல் வரியில்தான் இருந்தது. செல்பேசியைத் தூக்கிக்கொண்டு ஒப்புமை அலுவலரின் அறைக்கு ஓடினார்.

“மேடம், இதை நம்ம மென்பொருள் அனுப்பியிருக்குமா? நல்லாப் பாத்துச் சொல்லுங்க.”

அம்மாள் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு பார்த்தார். “வாய்ப்பே இல்ல. தடை பண்ண சொல் எப்படிப் போகும்? நேரமும் ஒரு மணி இல்லையே.”

“அப்ப?”

“யாரோ கையால அடிச்சிருக்காங்க.”

“கையாலயா? நிச்சயமா?”

“நிச்சயமா. பத்தாம் பதிப்பு வந்தப்புறமும் இப்படிப் பண்றாங்கன்னா இது கண்டிக்கவேண்டிய விஷயம்.” அவர் சிவப்புப் பேனாவைத் திறந்தார். “ஆள் யாரு? சொல்லுங்க, எழுதிவைக்கிறேன்.”

“என் பையன்” என்றார் பதினேழாம் மேசைக்காரர். “நல்லா எழுதிக்குங்க மேடம். கையால அடிச்சான்னு போடுங்க. எனக்கும் ஒரு நகல் குடுங்க.”

அம்மாள் விதிமீறல் அறிக்கையை எழுதி, முத்திரை வைத்து, ஒரு நகலைக் கொடுத்தார். இவர் அதை இரங்கல் கடிதம் இருந்த பையிலேயே வைத்துக்கொண்டு தன் மேசைக்கு வந்தார். சாப்பாடு ஆறிப்போயிருந்தது. செல்பேசி பதிலுக்கு மூன்று சொற்களைத் தயாராக வைத்திருந்தது: நன்று, சரி, மகிழ்ச்சி. அவர் அவற்றைத் தொடவில்லை. ஒவ்வோர் எழுத்தாகத் தேடித் தேடி, ‘இன்னும் இல்லடா. நீ?’ என்று அடித்து அனுப்பினார்.

ஒரு வினாடி ஆயிற்று. ‘நன்று’ வரவில்லை. இரண்டு, மூன்று, பத்து வினாடி ஆயிற்று. திரையின் மேற்புறத்தில் மகனுடைய படத்துக்குக் கீழே ‘எழுதுகிறார்’ என்று சிறிதாக வந்தது. மறைந்தது. மறுபடி வந்தது.

“அண்ணா, மணி ஒண்ணரை ஆச்சு, சாப்பாட்டு நேரம் முடிஞ்சுடுச்சு” என்றாள் பதினெட்டாம் மேசைக்காரி.

“இரும்மா” என்றார். “என் பையன் எழுதிட்டிருக்கான். நாலு நிமிஷமாச்சு, இன்னும் எழுதிட்டே இருக்கான்.”